அமெரிக்காவைப் படிக்க நாவலா, நகைச்சுவைக் கட்டுரையா?

அமெரிக்க வாழ்க்கை எப்படி இருக்கும் என்று புத்தகம் வழியாகத் தெரிந்துகொள்ள ஆசைப்படுகிறவர்களுக்குப் பெரும்பாலும் ஒரே அறிவுரைதான் கிடைக்கிறது. நாவலெல்லாம் எதற்கு, நகைச்சுவைக் கட்டுரைத் தொகுப்பு ஒன்றை எடு, பஸ்ஸில் நாலு பக்கம், தூங்கும் முன் நாலு பக்கம், சிரித்த மாதிரியும் ஆச்சு, ஊரைத் தெரிந்துகொண்ட மாதிரியும் ஆச்சு. இதில் எனக்குப் பாதிதான் உடன்பாடு. கட்டுரை சின்னதுதான், ஆனால் சின்னது என்பதாலேயே அது சுலபமாகிவிடாது. நகைச்சுவைப் பத்தி எழுதுகிறவர், தான் கிண்டல் செய்யும் சமாச்சாரம் வாசிப்பவர் வீட்டிலும் இருக்கிறது என்று நம்பித்தான் உட்காருகிறார். பத்திரிகையில் அவருக்குக் கொடுத்த இடம் அரைப் பக்கம். அதில் பள்ளிக்கூடப் பெற்றோர் கூட்டம் என்றால் என்ன, ஸ்டேஷன் வேகன் என்றால் எந்த மாதிரிக் கார், நன்றி நவிலல் நாளுக்கு ஏன் வான்கோழி என்று விளக்க ஆரம்பித்தால் ஜோக் அங்கேயே செத்துவிடும். நாவல்காரருக்கு நானூறு பக்கம் இருக்கிறது, எல்லாவற்றையும் நிதானமாகக் காட்டலாம்.

அதனால் என் கட்சி இது: அந்த ஊரில் இருந்து பார்க்காதவர் நாவலில் தொடங்கட்டும், அங்கே ஒரு குளிர்காலமாவது கழித்து, காப்பீட்டு நிறுவனத்தோடு போனில் ஒருமுறையாவது மல்லுக்கட்டியவர் கட்டுரைகளில் தொடங்கட்டும். விதிவிலக்குகள் உண்டு, சுவாரசியமே அவற்றில்தான் இருக்கிறது.

நேருக்கு நேர் வைத்துப் பார்க்க நல்ல ஜோடி ஒன்று உண்டு. சின்க்ளேர் லூயிஸின் 'பாபிட்' நாவல் 1922இல் வந்தது. ஜேம்ஸ் தர்பரின் 'மை லைஃப் அண்ட் ஹார்ட் டைம்ஸ்' கட்டுரைத் தொகுப்பு 1933இல் வந்தது. இருவருமே மிட்வெஸ்ட், அதாவது அமெரிக்காவின் நடு வடக்குப் பகுதி ஆட்கள். லூயிஸ் மினசோட்டாவில் சாக் சென்டர் என்கிற சின்ன ஊர், தர்பர் ஒஹையோவின் கொலம்பஸ். இரண்டு புத்தகமும் நடுத்தர வர்க்கத்து வீட்டுக்குள்தான் நடக்கின்றன, இரண்டும் சிரிக்க வைக்கின்றன, ஆனால் இரண்டும் உங்களிடம் எதிர்பார்ப்பது வேறு வேறு.

பாபிட் 46 வயசு ரியல் எஸ்டேட் புரோக்கர், ஸெனித் என்கிற கற்பனை நகரத்தில் இருக்கிறார், கதை 1920 ஏப்ரலில் ஒரு காலையில் அலாரம் கடிகாரத்தோடு தொடங்குகிறது. அது சாதாரணக் கடிகாரம் இல்லை, நாடு முழுக்க விளம்பரம் செய்யப்பட்ட உயர்ந்த ரகம், இருட்டில் ஒளிரும் எண்கள் உண்டு, அப்பேர்ப்பட்ட கடிகாரத்தால் எழுப்பப்படுவதே அவருக்கு ஒரு பெருமை. குளியலறைக்குப் போனால் வீட்டில் எல்லாருடைய துண்டும் சொதசொதவென்று நனைந்து கிடக்கிறது. விருந்தாளிக்கென்று பூவேலை செய்து தொங்கவிட்ட துண்டு ஒன்று மட்டும் காய்ந்திருக்கிறது. அதை இதுவரை யாருமே தொட்டதில்லை, எந்த விருந்தாளிக்கும் தைரியம் வந்ததில்லை. பாபிட் கோபத்தில் அதிலேயே முகத்தைத் துடைத்துவிடுகிறார். தேய்ந்துபோன சவர பிளேடை எங்கே போடுவது என்று தெரியாமல் மருந்து அலமாரியின் மேல் வீசிவிட்டு, என்றைக்காவது ஒருநாள் மேலே குவிந்திருப்பதையெல்லாம் அள்ளிப்போட வேண்டும் என்று நினைத்துக்கொள்கிறார். இதெல்லாம் முதல் அத்தியாயத்திலேயே வந்துவிடும். ஒரு மனிதனின் குளியலறையை வைத்தே ஒரு நாட்டின் கடை, விளம்பரம், கௌரவம் எல்லாவற்றையும் லூயிஸ் சொல்லிவிடுகிறார், அதைப் புரிந்துகொள்ள உங்களுக்கு அமெரிக்க வரலாறு ஒன்றும் தெரிந்திருக்க வேண்டியதில்லை.

அப்புறம் மதுவிலக்கு. 1920 முதல் 1933 வரை அமெரிக்கா முழுக்கச் சாராயத்துக்குத் தடை. பாபிட்டும் அவர் நண்பர்களும் அந்தச் சட்டம் தொழிலாளிகளுக்கு ரொம்ப நல்லது என்கிறார்கள். அதே பாபிட் வீட்டில் விருந்து வைக்கிற அன்றைக்கு, ஊரின் மட்டமான பகுதிக்குக் காரில் போய், கள்ளச் சாராயக் கடைக்காரரிடம் பணிவாக நின்று ஜின் பாட்டில் வாங்கிக்கொண்டு வருகிறார். மதுவிலக்கை வைத்துப் பல தேர்தல் பார்த்த தமிழ்நாட்டு வாசகருக்கு இந்தக் காட்சிக்கு அடிக்குறிப்பு தேவைப்படாது.

குறையும் சொல்லிவிடுகிறேன். நடுவில் புத்தகம் இழுக்கும். பாபிட்டின் நண்பர் பால், மனைவியைச் சுட்டுவிட்டுச் சிறைக்குப் போன பிறகு, பாபிட் கொஞ்ச நாள் கலகக்காரர் வேஷம் போடுகிறார், பழைய கூட்டாளிகள் ஒதுக்கி வைத்ததும் மெல்லத் திரும்பி வருகிறார். அந்தப் பகுதியில் லூயிஸ் ஒரே விஷயத்தை மூன்று தடவை சொல்கிறார். ரியல் எஸ்டேட்காரர்கள் சங்கத்தில் பாபிட் பேசும் பேச்சைப் பக்கம் பக்கமாக முழுசாகவே கொடுத்திருக்கிறார், வேண்டுமென்றேதான், என்றாலும் மேடைப் பேச்சுக்கு நடுவில் எழுந்து போக முடியாமல் மாட்டிக்கொண்ட எரிச்சல் வரத்தான் செய்கிறது. பெண் பாத்திரங்களில் முழுமையாக வந்தவர் ஒருவரும் இல்லை. இத்தனைக்கும் மேல் இந்தப் புத்தகம் நிற்கிறது. 1930இல் இலக்கியத்துக்கான நோபல் முதன்முதலாக ஓர் அமெரிக்கருக்குக் கிடைத்தபோது அது லூயிஸுக்குத்தான் போனது, அதற்கு இந்த நாவலும் ஒரு முக்கியமான காரணம்.

தர்பர் வேறு ஜாதி எழுத்து. புத்தகமே சின்னது, படங்களும் அவரே போட்டவை. குடும்பத்தில் எல்லாருக்கும் ஏதோ ஒன்று கழன்றிருக்கிறது. பாட்டிக்கு, பல்பு மாட்டாத ஹோல்டர் வழியாக மின்சாரம் வீடு முழுக்கச் சொட்டிக்கொண்டிருக்கிறது என்று பயம். அத்தை ஒருத்திக்கு, திருடன் கதவிடுக்கு வழியாகக் குளோரோஃபார்ம் ஊதிவிடுவானோ என்று பயம், அதனால் ராத்திரி தன் பணத்தையும் வெள்ளிச் சாமான்களையும் அறைக்கு வெளியே அடுக்கிவைத்து, என்னிடம் இருப்பது இவ்வளவுதான், எடுத்துக்கொண்டு போ, குளோரோஃபார்ம் மட்டும் வேண்டாம் என்று சீட்டு எழுதி வைத்துவிட்டுத் தூங்குவாள். எஸ்.வி.வி.யும் தேவனும் படித்து வளர்ந்தவர்களுக்கு இது சொந்தக்காரர் வீடு மாதிரி இருக்கும்.

ஆனால் இதே தொகுப்பில் தாத்தா ஒருவர் வருகிறார். பேயின் காலடிச் சத்தத்தைத் திருடன் என்று நினைத்து போலீஸை வரவழைக்கும் கட்டுரையில், மாடிக்கு ஏறி வரும் போலீஸ்காரர்களை அவர் ஜெனரல் மீடின் படையிலிருந்து ஓடிப்போன சிப்பாய்கள் என்று நினைத்துச் சுட்டுவிடுகிறார். அமெரிக்க உள்நாட்டுப் போர் 1865இலேயே முடிந்துவிட்டது, மீட் கெட்டிஸ்பர்க்கில் வடக்குப் படையை நடத்தியவர், தாத்தா மனசில் அந்தப் போர் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. இது தெரிந்தவனுக்கு வயிறு வலிக்கும். தெரியாதவனுக்கு ஒரு கிழவர் துப்பாக்கி எடுத்தார், அவ்வளவுதான். தர்பரிடம் பாதி ஜோக் உலகப் பொது, பாதி ஜோக் ஒஹையோவுக்கு மட்டும்.

இந்த விகிதம் எர்மா பாம்பெக்கிடம் இன்னும் மோசமாகிறது. நான் அவரைக் குறைத்துச் சொல்லவில்லை, அவர் பெரிய ஆள். ஒஹையோவின் டேட்டனுக்குப் பக்கத்தில் புறநகர் இல்லத்தரசியாக இருந்துகொண்டு 1960களின் நடுவில் பத்தி எழுதத் தொடங்கி, உச்சத்தில் சுமார் 900 பத்திரிகைகளில் வந்தவர். செப்டிக் டேங்க் மேலே வளரும் புல் எப்போதும் பச்சையாக இருக்கும் என்கிற தலைப்போடு 1976இல் வந்த அவருடைய புத்தகம் முழுக்கப் புறநகர் வாழ்க்கை. அதன் தொடக்கத்தில், நகரத்தை விட்டுப் புறநகருக்குக் குடிபோகிற குடும்பங்களை, அந்தக் காலத்தில் மாட்டு வண்டிச் சாரை கட்டிக்கொண்டு மேற்கே போன குடியேறிகள் மாதிரி எழுதுகிறார், வண்டிக்குப் பதில், குடும்பத்தோடு சாமானையும் ஏற்றிக்கொள்ளும் நீளமான ஸ்டேஷன் வேகன் கார். அங்கே பள்ளிக்கூடத்தில் அந்த வண்டிச் சாரைக் கதையைப் படித்து, வெஸ்டர்ன் படமும் பார்த்து வளர்ந்தவர்களுக்கு முதல் வரியிலேயே சிரிப்பு வந்துவிடும். நமக்கு அதை யோசித்துப் பிடிக்க வேண்டியிருக்கிறது, யோசித்தபின் வருகிற சிரிப்பு சிரிப்பே இல்லை.

அதே புறநகரை நாவலில் பார்க்க வேண்டுமானால் ரிச்சர்ட் யேட்ஸின் 'ரெவல்யூஷனரி ரோடு', 1961. கனெக்டிகட் புறநகரில் ஃப்ராங்க், ஏப்ரல் என்று ஒரு தம்பதி, நாங்கள் இந்தப் பக்கத்து வீட்டுக்காரர்கள் மாதிரி இல்லை என்று நம்பிக்கொண்டிருப்பவர்கள், பாரிஸுக்குப் போய் வாழலாம் என்று திட்டம் போடுகிறார்கள், போகவில்லை. ஆரம்பமே உள்ளூர் அமெச்சூர் நாடகம் ஒன்று மேடையில் சொதப்புவதுதான், அந்த அத்தியாயத்தில் கூச்சத்தில் நமக்கே உடம்பு நெளியும். முடிவு கொடுமையானது, முன்கூட்டியே சொல்லிவைக்கிறேன், மனசு சரியில்லாத நேரத்தில் எடுக்காதீர்கள். பாம்பெக் துவைத்த துணியில் காணாமல் போன சாக்ஸைத் தேடுகிற அதே மாதிரி வீட்டில்தான் ஏப்ரல் ஜன்னலோரம் நிற்கிறாள். இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால் பாம்பெக்கின் சிரிப்பு எதைத் தள்ளி நிறுத்துவதற்காக வந்தது என்பது தெரிகிறது, அவர் மேல் மரியாதை கூடுகிறது. வரிசை முக்கியம், யேட்ஸ் முதலில்.

ஆனால் இரண்டிலும் ஒரு பெரிய ஓட்டை உண்டு. இந்தப் புறநகர்கள் எப்படி முளைத்தன என்று பார்த்தால், 1944இல் போர் வீரர்களுக்குச் சலுகைக் கடன் தரும் சட்டம், 1947இல் நியூயார்க்கின் லாங் ஐலண்டில் தொடங்கி 17,000க்கும் மேற்பட்ட வீடுகளாக வளர்ந்த லெவிட்டவுன், 1956இல் நெடுஞ்சாலைச் சட்டம். அந்த லெவிட்டவுனின் ஒப்பந்தத்தில் வெள்ளையர் அல்லாதவர் குடியிருக்கக் கூடாது என்று எழுதியே வைத்திருந்தார்கள். பாம்பெக்கின் பக்கத்து வீட்டில் யார் இல்லை, யேட்ஸின் தெருவில் யார் இல்லை என்பதைப் பற்றி அந்தப் புத்தகங்கள் யோசிப்பதே இல்லை, ஏனென்றால் அவர்கள் அதைப் பார்க்கவே தேவையில்லாத மாதிரிதான் ஊரைக் கட்டியிருந்தார்கள்.

அந்த ஓட்டையை அடைக்க, சிம்பிள் என்கிற ஆள் வந்து பேசும் லாங்ஸ்டன் ஹியூஸின் கதைகள். கதையா கட்டுரையா என்று கேட்டால் இரண்டும்தான். 'சிகாகோ டிஃபெண்டர்' என்கிற கறுப்பினத்தவர் பத்திரிகையில் ஹியூஸ் எழுதிய பத்தியில் 1943இல் சிம்பிள் வந்து சேர்ந்தார், 20 ஆண்டுகளுக்கு மேல் பேசிக்கொண்டே இருந்தார். நியூயார்க்கில் கறுப்பினத்தவர் வாழ்ந்த ஹார்லெம் பகுதியில் ஒரு மதுக்கடை, எதிரே காலேஜ் படித்த நண்பர், சிம்பிள் தன் கால் வலியிலிருந்து ஆரம்பித்து வீட்டுக்காரம்மா, சம்பளம், போலீஸ், வெள்ளைக்காரர்கள் என்று அடுக்கிக்கொண்டே போவார். முதல் தொகுப்பு 1950இல் வந்தது. பத்திரிகைப் பத்தியின் சுருக்கமும் இருக்கிறது, ஒரே ஆள் திரும்பத் திரும்ப வருவதால் நாவலின் நெருக்கமும் இருக்கிறது, நாவலா கட்டுரையா என்கிற குழப்பத்திலேயே இருப்பவர்களுக்கு நான் முதலில் நீட்டுவது இதைத்தான். நம் ஊர் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்தவர்களுக்கு சிம்பிளின் குரல் பழகிப்போகச் சில பக்கங்கள் போதும்.

கட்டுரைக்காரர்களில் விளக்கிச் சொல்கிற ஒருவர் இருக்கிறார் என்றால் அது பில் பிரைசன். அவர் பிறந்தது அயோவாவின் டே மாய்ன். இங்கிலாந்தில் ஏறக்குறைய 20 ஆண்டு இருந்துவிட்டு 1995இல் குடும்பத்தோடு நியூ ஹாம்ப்ஷயரின் ஹானோவருக்குத் திரும்புகிறார், திரும்பிய பிறகு பிரிட்டிஷ் ஞாயிறு பத்திரிகை ஒன்றுக்கு வாராவாரம் எழுதிய பத்திகள்தான் 1998இல் வந்த 'நோட்ஸ் ஃப்ரம் எ பிக் கன்ட்ரி'. எழுதியது பிரிட்டிஷ் வாசகருக்காக. அதனால் அவருக்கு வேறு வழியில்லை, ஒவ்வொன்றையும் என்ன ஏது என்று சொல்லித்தான் கிண்டல் செய்ய வேண்டும், அந்த விளக்கத்தில் நாமும் ஒட்டிக்கொண்டு போய்விடலாம். சூப்பர்மார்க்கெட்டில் காலை உணவுக்கென்று தனி பீட்ஸா விற்பதைப் பற்றி ஒரு கட்டுரை. அங்கே யாரும் நடப்பதில்லை என்பதைப் பற்றி இன்னொன்று, அதில் ஒரு பெண் டிரெட்மில்லில் நடப்பதற்காகக் கூப்பிடு தூரத்தில் இருக்கும் ஜிம்முக்குக் காரில் போகிறார், போய்விட்டுப் பார்க்கிங் கிடைக்கவில்லை என்று புலம்புகிறார், நடந்தே போகலாமே என்று கேட்டால் இவனுக்கு என்ன ஆச்சு என்பது போல் பார்க்கிறார். பேரன் பேத்தியைப் பார்த்துக்கொள்ள ஆறு மாதம் டெக்ஸாஸுக்கோ நியூ ஜெர்ஸிக்கோ போய், தெருவில் ஓர் ஆளைக்கூடக் காணோமே என்று ஜன்னலில் உட்கார்ந்திருக்கும் அப்பா அம்மாவுக்கு இந்தக் கட்டுரையைப் படித்துக் காட்டலாம். கொஞ்சம் பழைய அமெரிக்கா, இணையமும் கைப்பேசியும் எல்லார் வீட்டுக்கும் வருவதற்கு முந்தையது, ஆனால் நடைபாதை நிலவரம் பெரிதாக மாறிவிடவில்லை.

டேவிட் செடாரிஸ் இன்றைக்கு அந்த ஊரில் பேர் பெற்ற கட்டுரைக்காரர். 1992 டிசம்பரில் வானொலியில், நியூயார்க்கின் மேஸிஸ் கடையில் கிறிஸ்துமஸ் சமயத்தில் சாண்டாவுக்கு உதவும் குட்டிச்சாத்தான் வேஷம் போட்டு வேலை பார்த்த கதையை வாசித்தார், அதிலிருந்துதான் அவர் புகழ். நன்றாக இருக்கும். ஆனால் அதில் பாதிச் சுகம் அவர் குரலில் இருக்கிறது, புத்தகத்தைவிட ஒலிப்புத்தகம் மேல். இன்னொன்று, 2007இல் ஒரு பத்திரிகையாளர் அவர் கட்டுரைகளில் வந்த மனிதர்களைத் தேடிப்போய் விசாரித்து, நடக்காததும் கலந்திருக்கிறது என்று எழுதினார், கொஞ்ச நாள் அது சர்ச்சையாக ஓடியது. எனக்கு அதில் பெரிய வருத்தம் இல்லை, தர்பரின் அத்தையை மட்டும் யார் பார்த்தார்கள்? ஆனால் அமெரிக்காவைப் பற்றித் தகவல் தெரிந்துகொள்வதற்காகவே படிக்கிறவர்கள் இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், நகைச்சுவைக் கட்டுரை சாட்சி சொல்ல வந்த ஆள் இல்லை.

சிரிக்க வேண்டும், ஆனால் நாவலாகத்தான் வேண்டும் என்றால் ஜான் கென்னடி டூலின் 'எ கான்ஃபெடரசி ஆஃப் டன்சஸ்'. டூல் 1969இல் தற்கொலை செய்துகொண்டார், பதிப்பிக்காத கையெழுத்துப் பிரதியைத் தூக்கிக்கொண்டு அவர் அம்மா அலைந்து, கடைசியில் வாக்கர் பெர்ஸி என்கிற நாவலாசிரியரை விடாமல் துரத்திப் படிக்க வைத்தார், 1980இல் லூசியானா ஸ்டேட் யுனிவர்சிட்டி பதிப்பகம் வெளியிட்டது, 1981இல் புலிட்சர் பரிசு. நியூ ஆர்லியன்ஸ் நகரம்தான் கதை. வேலைக்குப் போகாமல் அம்மா காசில் தின்றுகொண்டு, இந்த நூற்றாண்டே தப்பு என்று நோட்டுப் புத்தகத்தில் எழுதிக்கொண்டிருக்கும் பருத்த மேதாவி இக்னேஷியஸ், கடைசியில் ஹாட் டாக் வண்டி தள்ளப் போய், விற்பதைவிட அதிகமாகத் தானே தின்கிறான். படிக்கத் தொடங்கினால் வீட்டில் மற்றவர்கள் என்ன ஆச்சு என்று கேட்கிற அளவுக்குச் சிரிப்பு வரும். ஒரே எச்சரிக்கை, அங்கத்திய பேச்சுவழக்கு கனம், ஆங்கிலம் இப்போதுதான் பழகுகிறவர்களுக்கு இது முதல் புத்தகம் ஆகாது. இதே காரணத்துக்காக மார்க் ட்வைனின் 'ஹக்கிள்பெரி ஃபின்' நாவலையும் முதலில் எடுக்காதீர்கள் என்பேன். பையன் சொல்கிற கதை, சுலபம் என்று பலர் பரிந்துரைக்கிறார்கள், உள்ளே போனால் ஒவ்வொரு ஆளும் ஒவ்வொரு வட்டார வழக்கில் பேசுகிறார். அதைப் படித்து முடித்த பின், அடிமை ஜிம்மின் பார்வையில் அதே கதையை பெர்சிவல் எவரெட் எழுதிய 'ஜேம்ஸ்' (2024) இருக்கிறது, இரண்டையும் சேர்த்தே வாங்கி வைத்துக்கொள்ளலாம்.

ஆங்கிலமே வேண்டாம், தமிழில் ஏதாவது உண்டா என்றால், அசோகமித்திரனின் 'ஒற்றன்!' இருக்கிறது. 1973இல் அவர் அயோவா சிட்டிக்கு, பல நாட்டு எழுத்தாளர்களைக் கூட்டி வைக்கும் பல்கலைக்கழகத் திட்டம் ஒன்றில் கலந்துகொள்ளப் போய் மாதக்கணக்கில் இருந்தார், அந்த நாட்களிலிருந்து வந்தது. அட்டையில் நாவல், ஆனால் ஒவ்வொரு அத்தியாயமும் தனியாகவே நிற்கும், கட்டுரை மாதிரியும் படிக்கலாம். அசோகமித்திரன் ஜோக் அடிக்க மாட்டார், சாதாரணமாக ஒன்றைச் சொல்லிவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவார், நாம் இரண்டு வரி தாண்டிய பிறகு திரும்பி வந்து சிரிப்போம். பிரைசன் விட்டுவிட்டு ஓடிய அதே அயோவாவை, சென்னையிலிருந்து போன ஒருவர் குளிரில் நடுங்கிக்கொண்டு பார்க்கிறார் என்பதே இரண்டையும் சேர்த்துப் படிக்கப் போதுமான காரணம்.

காசு விஷயத்தில் பழைய நாவல்கள்தான் ஜெயிக்கின்றன. 'பாபிட்' உட்பட லூயிஸின் 1920களின் தொடக்கத்து நாவல்களும் ட்வைனின் புத்தகங்களும் காப்புரிமை முடிந்தவை, குட்டன்பெர்க் தளத்தில் இலவசமாகவே இறக்கிக்கொள்ளலாம். பாம்பெக், பிரைசன் இருவரையும் பழைய புத்தகக் கடைகளில் தேடுங்கள், ஆங்கிலப் புத்தக மூட்டைக்குள் எங்காவது தட்டுப்படுவார்கள்.

விசா கையில் வந்து, கிளம்புவதற்குள் ஒன்றே ஒன்றுக்குத்தான் நேரம் என்கிறவருக்கு 'பாபிட்'டைத்தான் சொல்வேன். அதன் முதல் ஏழு அத்தியாயங்கள் ஒரே ஒரு நாள்தான், காலை அலாரத்திலிருந்து ராத்திரி தூக்கம் வரை. அதுவரை படித்துப் பாருங்கள், பிடிக்கவில்லை என்றால் மூடிவிட்டு, பிரைசனைப் பெட்டியில் போட்டுக்கொண்டு போங்கள், அங்கே போய் இறங்கிய பிறகு அவர் இன்னும் நன்றாக இருப்பார்.